பாட அட்டைக்குள் ஒரு கரடி

இந்தக் கதையில் ஓரிடத்தில் நீங்கள் வாய்விட்டுச் சிரிப்பீர்கள். அந்த இடம் இது அல்ல. அடுத்த பத்தியும் அல்ல. அவசரப்பட்டு இப்போதே சிரித்துவைத்தால் அப்புறம் கைவசம் சிரிப்பு இருக்காது. அதற்கு யாரும் பொறுப்பேற்க முடியாது. ஆகவே வாயை மூடிக்கொண்டு முதலில் லிஃப்ட்டுக்காரரைப் பார்த்துவிடுவோம்.

லிஃப்ட்டுக்காரர் என்றால் லிஃப்ட் பழுதுபார்ப்பவர். ஊரில் பாதிப் பேரை மேலே ஏற்றிவிட்ட புண்ணியவான். தாம் மட்டும் ஏறவில்லை. சூப்பர்வைசர் ஆவதற்கு ஒரு பரீட்சை உண்டு. இரண்டு முறை எழுதினார். இரண்டு முறையும் தரைத்தளத்திலேயே நின்றுவிட்டார். வேலை தெரியாதவர் அல்ல. எந்த லிஃப்ட் மக்கர் பண்ணினாலும் கதவில் காதை வைத்துக் கேட்பார், ஓரிடம் பார்த்து ஒரு தட்டுத் தட்டுவார், அது கிளம்பிவிடும். பரீட்சையிலும் அதையேதான் எழுதினார். கதவு மூடாவிட்டால் என்ன செய்வீர்கள்? 'ஒரு தட்டு.' பிரேக் பிடிக்காவிட்டால்? 'பலமாக ஒரு தட்டு.' விடை திருத்தியவர் அவரையே தட்டிக் கழித்துவிட்டார்.

மூன்றாவது முறைதான் கடைசி. அதிலும் கோட்டைவிட்டால் ஆயுள் முழுக்க, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பாட்டில் கைவைக்கிற நேரம் பார்த்துப் போன் வரும். "அண்ணே, ரெண்டு மாடிக்கு நடுவுல ஒரு அம்மா மாட்டிக்கிட்டாங்க. காய்கறிப் பையோட." சூப்பர்வைசர்களுக்கு அந்தப் போன் வராது. அந்தப் போனைப் போடுகிறவர்களே சூப்பர்வைசர்கள்தான்.

இப்படிப்பட்ட நிலையில் மனிதர் என்ன செய்ய வேண்டும்? படிக்க வேண்டும். என்ன செய்துகொண்டிருந்தார்? கரடி ஆடிக்கொண்டிருந்தார்.

சின்ன வயதில் பக்கத்து வீட்டு ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்து ஏங்கிய வீடியோ கேம் பெட்டி ஒன்று உண்டு. அதையே இப்போது சோப்புக்கட்டி அளவுக்குச் சுருக்கி விற்கிறார்கள். டிவியில் மாட்டினால் உள்ளே இருக்கும் விளையாட்டுகள் எல்லாம் பள்ளிப் பிள்ளைகள் மாதிரி வரிசையில் வந்து நிற்கும், ஒவ்வொன்றும் தன் அட்டைப்படத்தைப் பிடித்துக்கொண்டு. எந்த அட்டையை அழுத்துகிறோமோ அந்த விளையாட்டு திறக்கும். அதில் ஒன்றுதான் கரடி. படகில் ஏறி ஆற்றோடு போகும். முதலை வந்தால் துடுப்பால் மண்டையில் போடும். அவ்வளவுதான் விஷயம். ஆனால் அந்த முதலையின் மண்டையில் போடும்போது, தம்மை ஃபெயில் ஆக்கியவர் ஞாபகம் வந்து லிஃப்ட்டுக்காரருக்கு நெஞ்சு குளிர்ந்துவிடும்.

அவர் மனைவிக்கு மருந்துக்கடையில் வேலை. எதையும் வேளை சொல்லித்தான் கொடுப்பாள்.

"பரீட்சை முடியற வரைக்கும் கரடி கிடையாது" என்றாள். "காலையில ஒரு பாடம், ராத்திரி ஒரு பாடம். சாப்பாட்டுக்கு முன்னாடி."

"பாடமா, மாத்திரையா?"

"ரெண்டும் கசக்கும். ரெண்டும் உங்களுக்குத்தான்."

"அந்தப் பெட்டியில வெறும் விளையாட்டுதான் இருக்குன்னு யார் சொன்னா? பாடமும் இருக்கு!"

"எங்க இருக்கு, காட்டுங்க."

"இப்ப இல்லை. வந்துக்கிட்டு இருக்கு."

"நடந்து வருதா, பஸ்ஸுல வருதா?"

"கம்ப்யூட்டர்ல வருது. உனக்குச் சொன்னா புரியாது."

"சரிங்க. ஒரு வாரம் பார்ப்பேன். பாடம் வரலைன்னா பெட்டி பீரோவுக்குள்ள போயிடும். சாவி என்கிட்ட."

லிஃப்ட்டுக்காரர் மீசையைத் தடவிச் சபதம் எடுத்தார். கரடி ஆடுவேன். ஹாலில், இவள் மூக்குக்கு எதிரிலேயே ஆடுவேன். 'ஐயோ, என் வீட்டுக்காரர் எப்படிப் படிக்கிறார்!' என்று இவள் வாயாலேயே சொல்லவும் வைப்பேன்.

வழி ரொம்பச் சுலபம். அந்தச் சின்னப் பெட்டியில் அட்டைப்படங்களை நம் இஷ்டத்துக்கு மாற்றிக்கொள்ளலாம். கம்ப்யூட்டரோடு ஒரு ஒயர் போட்டு, பழைய படத்தை எடுத்துவிட்டு நம் படத்தை உட்காரவைத்தால் போதும். வெளியே 'லிஃப்ட் பாதுகாப்பு, பாடம் ஒன்று' என்று அட்டை, உள்ளே கரடி. மனைவி எட்டிப் பார்த்தால் ஒரு பொத்தானை அழுத்த வேண்டும். கரடி மறைந்து அட்டை வரிசை வந்துவிடும். யார் பார்த்தாலும் பாடம்.

அட்டைப்படம் செய்யத் தெரிந்தவர் கீழ்த்தளத்தில் பேனர் கடை வைத்திருந்தார். ஊரே அவரைப் பேனர் என்றுதான் கூப்பிடும். எதைச் சொன்னாலும் அளவு கேட்பார்.

"தம்பி, ஒரு சின்ன வேலை."

"சொல்லுங்கண்ணே. எத்தனை அடிக்கு எத்தனை அடி?"

"அடி இல்லப்பா. தீப்பெட்டி அளவு."

"தீப்பெட்டிக்குப் பேனரா! கடை திறப்பா, பாராட்டு விழாவா?"

லிஃப்ட்டுக்காரர் அக்கம்பக்கம் பார்த்தார். கடையில் யாரும் இல்லை. நடுவில் பல் மருத்துவர் ஒருவருக்கு அடித்த பெரிய பேனரைக் காயப்போட்டிருந்தார்கள். கூரையிலிருந்து தரைக்கு ஒரு சாண் மேல் வரை ஒரே வாய், முப்பத்திரண்டு பல்லும் தெரிய. லிஃப்ட்டுக்காரர் குரலைத் தாழ்த்தினார்.

"என் பொண்டாட்டியை ஏமாத்தணும்."

"அதுக்குப் பளபளப்பா வேணுமா, மங்கலா வேணுமா?"

முழுத் திட்டத்தையும் விளக்கினார். கரடி, முதலை, பீரோ, சாவி, ஒன்றையும் விடவில்லை. இடையிடையே, "அவளுக்கு இதெல்லாம் ஒண்ணும் தெரியாது தம்பி, பாவம்" என்று நாலைந்து தரம் சொன்னார். சொல்லி முடித்துக் குனிந்தபோது பேனருக்கு அடியில் ஒரு ஜோடிச் செருப்பு தெரிந்தது. நீல வார். உள்ளே கால்கள்.

"யாரு அங்க?"

"யாருமில்லைண்ணே. போர்டு ஆர்டர் கொடுக்க வந்தவங்க. அவங்களுக்குக் காது கொஞ்சம் மந்தம்."

"என் பொண்டாட்டிகிட்டயும் இதே நீல வார் இருக்கு."

"எல்லார்கிட்டயும் இருக்குண்ணே" என்றார் பேனர், பேனரின் ஓரத்தைக் கீழே இழுத்துவிட்டபடி. "சரி, நீங்க கிளம்புங்க. நாளைக்கு நான் மேல வந்து மாட்டித் தர்றேன்."

(இங்கே சிரிக்காதீர்கள். இன்னும் நேரம் இருக்கிறது.)

மறுநாள் பேனர் லேப்டாப்போடு மேலே வந்தார். ஒயர் போட்டார். தட்டினார். முகத்தில் ஒரு விஞ்ஞானியின் களை.

"அண்ணே, உங்க திட்டத்துல ஒரு ஓட்டை இருந்துச்சு. அடைச்சிட்டேன்."

"என் திட்டத்துல ஓட்டையா?"

"வெறுமனே 'பாடம் ஒன்று'ன்னு அட்டை போட்டா, அண்ணி ஒருநாள் ஆசைப்பட்டு அழுத்திப் பார்த்தாங்கன்னா? பொட்டுனு கரடி வந்து நிக்கும். நீங்க அம்பேல்."

லிஃப்ட்டுக்காரருக்கு வியர்த்தது. "அப்ப என்ன பண்றது?"

"பூட்டு! இப்பப் பாருங்க." திரையில் நான்கு அட்டைகள் வந்து நின்றன. எல்லாவற்றின் தலையிலும் ஒரே கேள்வி. கீழே ஒவ்வொன்றிலும் ஒரு விடை. "சரியான விடை இருக்கிற அட்டையை அழுத்தினாத்தான் கரடி. தப்பா அழுத்தினா மீன்பிடிக்கிற விளையாட்டு. அதுல மீனே மாட்டாது, நானே ஆடிப் பார்த்துட்டேன். அண்ணிக்கு லிஃப்ட்டைப் பத்தித் தெரியுமா?"

"கீழ்ப் பொத்தானை அழுத்தினா கீழ போகும்னு தெரியும்."

"அப்ப ஜென்மத்துக்கும் திறக்க மாட்டாங்க! நீங்க மட்டும்தான் திறப்பீங்க."

லிஃப்ட்டுக்காரர் அவரைக் கட்டிக்கொண்டார். "தம்பி, நீ இருக்க வேண்டிய இடமே வேற!"

"ரெண்டு நாளைக்கு ஒருதரம் வந்து பூட்டை மாத்திடறேன். ஒரே பூட்டுன்னா அண்ணி கண்டுபிடிச்சிடுவாங்க. காசெல்லாம் வேண்டாம்ண்ணே, ஒரு அன்புதான்."

அன்று சாயங்காலம் மனைவி சமையலறைக்குள் போனதும் லிஃப்ட்டுக்காரர் திரைமுன் சப்பணமிட்டு உட்கார்ந்தார். கேள்வி இதுதான்: 'லிஃப்ட்டின் வேகம் எல்லை மீறினால் முதலில் விழித்துக்கொள்வது எது?' பிரேக். கவர்னர். காவலாளி. கடவுள்.

கவர்னர் என்றால் வேகத்தைக் கவனித்துக்கொண்டே இருக்கும் சக்கரம். மாதாமாதம் அதைத் துடைத்து எண்ணெய் போடுகிறவர் அவர்தான். ஆனால் கையில் கன்ட்ரோலரைப் பிடித்ததும் மூளை கழன்றுவிட்டது. நம்பிக்கையுள்ள மனிதர் என்பதால் கடவுளை அழுத்தினார்.

பேண்டு வாத்தியம்! டமடமவென்று வீடே அதிர்ந்தது. மீன்பிடிக்கும் விளையாட்டு அப்படித்தான் தொடங்கும். பாட்டு முழுக்க முடிகிற வரை எந்தப் பொத்தானுக்கும் மசியாது. சத்தத்தைக் குறைக்க ரிமோட்டைத் தேடினார். சமீப காலமாக அந்த ரிமோட் மனைவியோடேயே சமையலறைக்குப் போய்விடுகிறது.

"என்னங்க அது?" கையில் கரண்டியோடு வந்து நின்றாள்.

"பாடம்."

"பாடத்துக்குப் பேண்டு வாசிக்கிறாங்களா?"

"ஒரு பாடம் முடிஞ்சா... வாழ்த்தறாங்க."

"அந்த மீன்?"

"அது... ஓய்வு. மூளைக்கு ஓய்வு குடுக்கணும்ல? மீனைப் பார்த்தா மூளை வளரும்."

"நல்லாப் பாருங்க" என்றாள் அவள். "நிறையப் பாருங்க." உள்ளே போனாள். சமையலறையில் பாத்திரம் ஒன்று ரொம்ப நேரம் கலகலத்தது. எதையோ பலமாகக் கழுவுகிறாள் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

மூன்று நாளில் மனிதர் நொந்துபோனார். ஒரு தப்பு விடை, ஒரு பேண்டு. ஒரு பேண்டு, ஒரு மனைவி. குருட்டாம்போக்கில் அழுத்திக் கரடியைப் பிடிக்க முடியாது என்று தெரிந்துபோயிற்று. பூட்டைத் திறக்க ஒரே சாவி, பாடப்புத்தகம். அதுவோ மனைவியின் கைப்பையில்.

"அந்தப் புத்தகத்தைக் கொஞ்சம் குடேன்" என்றார் ஒருநாள், சும்மா கேட்பதுபோல.

"எதுக்குங்க? உங்களுக்குத்தான் பாடமெல்லாம் டிவியிலயே வந்துடுச்சே. இதை இனிமே பழைய பேப்பர்ல போட்டுடலாம்னு இருக்கேன்."

"வேண்டாம்!" அலறிவிட்டார்.

"ஏங்க இப்படிக் கத்தறீங்க?"

"இல்ல... அட்டை நல்லா இருக்கு."

"அட்டையை வேணா கிழிச்சு வச்சுக்குங்க."

"உள்ளேயும் நல்லாத்தான் இருக்கும். இருக்கட்டுமே, ஒரு ஓரமா. பாவம், அது என்ன பண்ணுச்சு?"

"சரி, அலமாரி மேல போடறேன். ஆனா ஒண்ணு, நீங்க அதைத் தொடக்கூடாது. டிவிப் பாடமும் புத்தகப் பாடமும் கலந்தா குழம்பிடும். மருந்துலகூட ரெண்டைச் சேர்த்துச் சாப்பிடக்கூடாதுன்னு சொல்வோம்."

தொடக்கூடாது என்றாள் அல்லவா? அவ்வளவுதான். அன்று முதல் லிஃப்ட்டுக்காரர் பாடப்புத்தகத் திருடர் ஆனார். அவள் குளிக்கப் போனால் இரண்டு பக்கம். துணி காயப்போடப் போனால் நாலு பக்கம். ஹாலில் உட்கார்ந்து, சினிமாப் பத்திரிகையை அகல விரித்து, அதற்குள் 'எதிர் எடையும் இரும்புக் கயிறும்' என்ற அத்தியாயத்தை மறைத்துவைத்துப் படித்தார். நடிகைகள் எல்லாம் வெளியே பார்த்துச் சிரித்துக்கொண்டிருக்க, உள்ளே அவர் மட்டும் 'லிஃப்ட் கூண்டின் எடையோடு முழுச் சுமையில் ஏறக்குறையப் பாதியைச் சேர்த்தால் எதிர் எடை' என்று உதடு அசையாமல் மனப்பாடம் செய்தார்.

"என்னங்க, ஒரே பக்கத்தையே இவ்வளவு நேரம் பார்க்கறீங்க?"

"இந்தப் பொண்ணு கண்ணு ரொம்ப நல்லா இருக்கு" என்றார், எதிர் எடையைப் பார்த்தபடி.

"பாருங்க, பாருங்க. எத்தனை நாளைக்குன்னு பார்க்கறேன்" என்று அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். தோள் மட்டும் குலுங்கியது. அழுகிறாளோ என்று அவருக்குக் கொஞ்சம் பாவமாகக்கூட இருந்தது.

கரடி இப்போது தினமும் வந்தது. படகு ஓடியது. முதலைகள் வாங்கிக் கட்டிக்கொண்டன. பூட்டுகள் மட்டும் வரவர இறுகின. ஆரம்பத்தில் காவலாளி, கடவுள் என்று விளையாட்டாய் வந்த விடைகள் போய், நான்குமே சரிபோலத் தெரியும் விடைகள் வந்தன. லிஃப்ட்டுக்காரர் பேனர் கடைக்கு இறங்கிப் போனார்.

"தம்பி, பூட்டு ரொம்ப பலமா இருக்குப்பா. கொஞ்சம் லேசாப் போடக்கூடாதா?"

"நானா போடறேன்? அது வந்து... ஆமா, நான்தான் போடறேன். அண்ணி உஷாராயிட்டாங்கண்ணே. அதான்."

"ஆமா, நேத்து நான் வேலைக்குப் போன நேரத்துல வந்து மாத்திட்டியே. யார் கதவு திறந்தா?"

"அண்ணி இல்லாத நேரமாப் பார்த்துதான் வந்தேன்."

"அதான் கேக்கறேன். அப்ப யார் திறந்தா?"

பேனர் ஒரு பேனரை எடுத்து உதறினார். மறுபடி உதறினார். "திறந்தே கிடந்துச்சுண்ணே."

லிஃப்ட்டுக்காரருக்கு ரத்தம் கொதித்தது. நேராக மேலே வந்து மனைவியைப் பிடித்தார். "வீட்டைத் திறந்து போட்டுட்டா வேலைக்குப் போறே? கண்டவன் உள்ள வந்தா என்ன ஆகும்? கொஞ்சமாவது புத்தி வேண்டாம்?"

கல்யாணமான நாளிலிருந்து பதிலுக்குப் பதில் சொல்லாமல் விடாதவள், தலையைக் குனிந்துகொண்டு, "தப்புதாங்க. இனிமே பார்த்துக்கறேன்" என்றாள்.

அன்று அவர் படுக்கும்போது நெஞ்சு நிமிர்ந்திருந்தது. ஒரு பெண்சாதியை அடக்கியாளுவது இவ்வளவு சுலபமா!

பரீட்சை நாள் வந்தது. கேள்வித்தாளைப் பார்த்ததும் அவர் கட்டைவிரல் தானாகத் துடித்தது. முதல் கேள்வி: 'கையால் சக்கரத்தைச் சுற்றி லிஃப்ட்டை நகர்த்துவதற்கு முன் செய்ய வேண்டியது என்ன?' மெயின் சுவிட்சை அணைக்க வேண்டும். போன வியாழக்கிழமைக் கரடி அதற்குள்தானே இருந்தது! இரண்டாவது கேள்விக்குப் பின்னாலும் ஒரு கரடி. மூன்றாவதற்குப் பின்னாலும் ஒன்று. 'தட்டு' என்ற வார்த்தையே இல்லாமல் பக்கம் பக்கமாக எழுதினார். ஒரே ஒரு கேள்வியில் மட்டும் சந்தேகம். விடையை எழுதிவிட்டு இரண்டு காதையும் பொத்திக்கொண்டு காத்திருந்தார்.

"சார், காது வலியா?" என்றார் மேற்பார்வையாளர்.

"இல்லைங்க. பேண்டு வருதான்னு பார்த்தேன். வரலை. சரியாத்தான் எழுதியிருக்கேன்."

மேற்பார்வையாளர் அதற்கப்புறம் அவர் பக்கமே வரவில்லை.

முடிவு வந்தது. பாஸ். வெறும் பாஸ் இல்லை, எழுதினவர்களிலேயே முதல் இடம். மேனேஜர் கையைக் குலுக்கினார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை போன் வரவில்லை. கணவனும் மனைவியும் எதிரெதிரே உட்கார்ந்து, ஆற அமர, தட்டு காலியாகிறவரை சாப்பிட்டார்கள். அந்த வீட்டில் அது ஒரு புது அனுபவம். சாப்பாடு இவ்வளவு சூடாக இருக்கும் என்றே அவருக்கு அதுவரை தெரியாது.

எல்லாம் சுகம். ஆனால் ஒருவரை ஏமாற்றியவனுக்கு ஒரு கஷ்டம் உண்டு. எவ்வளவு அழகாக ஏமாற்றினோம் என்று யாரிடமாவது சொல்லியாக வேண்டும். சொல்லாவிட்டால் சாப்பிட்டது செரிக்காது. கை கழுவி வந்ததும் லிஃப்ட்டுக்காரர் தொண்டையைக் கனைத்தார்.

"இந்தாம்மா, உட்காரு. உன்கிட்ட ஒரு உண்மையைச் சொல்லணும். மனசைத் திடப்படுத்திக்கோ."

"ஐயோ, என்னங்க?"

"அந்தப் பெட்டியில பாடமே கிடையாது. எல்லாம் கரடி."

"அடப்பாவி மனுஷா!" அவள் கண்கள் தட்டுப்போல விரிந்தன. "அப்ப அந்தப் பேண்டு? வாழ்த்தறாங்கன்னு சொன்னீங்களே?"

"அதுவும் கரடி விட்டதுதான்."

"பத்திரிகையில அந்தப் பொண்ணு கண்ணு நல்லா இருக்குன்னு சொன்னது?"

"அது எதிர் எடை."

"கடவுளே! எப்பேர்ப்பட்ட மூளைங்க உங்களுக்கு! எனக்கு ஒண்ணுமே தெரியலையே!" கன்னத்தில் கையை வைத்துக்கொண்டாள். "எங்க, அந்தக் கரடியை நானும் ஒருதரம் பார்க்கறேனே."

டிவியைப் போட்டார். திரையில் நான்கு புத்தம் புது அட்டைகள் நின்றன. "பரீட்சை முடிஞ்சும் மாத்தி வச்சிருக்கான் பாரு தம்பி. என்ன பாசம்!" என்று நெகிழ்ந்துபோய்க் கேள்வியைப் படித்தார்.

'சமையலறைக் குழாய் ஓயாமல் சொட்டுகிறது. வாஷரை மாற்றுவதற்கு முன் செய்ய வேண்டியது என்ன?' ஒரு தட்டுத் தட்டுவது. நாளைக்குப் பார்க்கலாம் என்பது. வால்வை மூடுவது. கரடி ஆடப் போவது.

"ப்பூ! இது ஒரு கேள்வியா? வால்வை மூடணும். மூணாவது அட்டை."

"எந்த வால்வுங்க? அதை மூடினா சொட்டறது நின்னுடுமா என்ன?" என்றாள் அவள், குழந்தை மாதிரி.

"நின்னுடுமாவா? யாரைப் பார்த்துக் கேக்கறே? சூப்பர்வைசரைப் பார்த்தா? இரு, காட்டறேன்!"

வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சமையலறைக்குள் பாய்ந்தார். தொட்டிக்கு அடியில் தலையை நுழைத்து வால்வைத் திருகினார். சொட்டு நின்றது.

"பார்த்தியா! நின்னுடுச்சு!"

"அட ஆமாங்க!" என்று ஹாலிலிருந்து குரல் வந்தது. "அப்படியே ஜன்னலோரம் வாஷர் வச்சிருக்கேன். பக்கத்துலயே ஸ்பேனர்."

எடுத்தார். குழாயைக் கழற்றினார். ஹாலில் தண்ணீரைக் கிழித்துக்கொண்டு துடுப்புப் போடும் சத்தம் கேட்டது. ஒரு முதலைக்கு மண்டையில் விழுந்தது. இன்னொன்றுக்கு விழுந்தது. முதல்தரம் ஆடுகிறவளுக்கு இது கொஞ்சம் அதிகம்தான் என்று பெருமையாக நினைத்தபடியே புது வாஷரைப் பொருத்தினார். வால்வைத் திறக்க மறுபடி தொட்டிக்கு அடியில் தலையை நுழைத்தார்.

அப்போதுதான், தொட்டிக்கு அடியில் கழுத்து மாட்டிக்கொண்டிருந்த நிலையில், ஒன்று உறைத்தது. பேனர் இந்த வீட்டில் ஹாலைத் தாண்டி ஒருநாளும் உள்ளே வந்ததில்லை. நம் வீட்டுச் சமையலறைக் குழாய் சொட்டுவது அவனுக்கு எப்படித் தெரியும்?

வால்வைத் திருகிய கை நின்றது. நீல வார் செருப்பு கண்முன்னே வந்தது. கைப்பைக்குள் இருந்த புத்தகம் வந்தது. திறந்தே கிடந்த கதவு வந்தது. ஒவ்வொன்றாக, மாடி மாடியாக, எல்லாம் இறங்கி வந்து அவர் தலைமேல் நின்றன.

"அடியே..." என்றார் தொட்டிக்கு அடியிலிருந்து. "அப்ப அந்தக் கேள்வி எல்லாம்... ஆரம்பத்துலேருந்து... நீயா?"

ஹாலில் கரடி ஒரு அருவியைத் தாண்டிக் குதித்தது.

"சரியான விடை" என்றாள், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.